பின்னணி இசைக்கு ஒரு வரி போதாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். 25 வருஷத்துக்கு மேலாக உங்கள் நாளிதழைப் படித்துவரும் வாசகன் நான். இதுவரை ஒரு கடிதமும் எழுதியதில்லை. போன ஞாயிற்றுக்கிழமை வந்த ஆவணப்பட விமர்சனத்தைப் படித்த பிறகு எழுதாமல் இருக்க முடியவில்லை. அரைப் பக்கத்துக்கு நன்றாகவே எழுதியிருந்தார் உங்கள் விமர்சகர். ஒளிப்பதிவுக்கு ஒரு பத்தி, படத்தொகுப்புக்கு ஒரு பத்தி, பேட்டி கொடுத்தவர்கள் பேச்சை நிறுத்தி எச்சில் விழுங்குவது வரைக்கும் கவனித்து எழுதியிருந்தார். எல்லாம் முடிந்து, வாசற்படி தாண்டும்போது ஞாபகம் வந்த மாதிரி, ‘பின்னணி இசை உறுத்தவில்லை’ என்று 3 வார்த்தை. இசையமைத்தவர் பெயர்கூட இல்லை. அந்தப் படத்துக்கும் எனக்கும் எந்தத் தொடர்பும் கிடையாது, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் அந்த 3 வார்த்தை என்னை இரண்டு நாள் தூங்கவிடவில்லை.

நான் வயலின் வாசிப்பவன். 1990களின் கடைசியில் சென்னை ஸ்டுடியோக்களில் ரீ-ரெக்கார்டிங்குக்கு, அதாவது படத்துக்குப் பின்னணி இசை பதிவு செய்வதற்கு, வாசிக்கப் போக ஆரம்பித்தேன். வயலின் கூட்டத்தில் கடைசி வரிசையில் உட்கார்ந்து பல வருஷம் வாசித்திருக்கிறேன். கம்ப்யூட்டருக்குள்ளேயே வயலின் கூட்டம் வந்துவிட்ட பிறகு எங்களுக்கு அழைப்பு குறைந்தது. அப்புறம் நண்பர்களின் குறும்படம், ஆவணப்படம் என்று நானே இசையமைக்கத் தொடங்கி, இன்றைக்கு அதுதான் என் பிழைப்பு. அதனால் எழுதிக் கொடுத்ததை வாசிக்கிறவனின் கஷ்டமும் தெரியும், எழுதிக் கொடுக்கிறவனின் கஷ்டமும் தெரியும்.

ஆர்.ஆர். என்று நாங்கள் சுருக்கமாகச் சொல்லும் இந்த வேலை எவ்வளவு பெரியது என்று வெளியில் இருப்பவர்களுக்குத் தெரிவதில்லை. இரண்டரை மணி நேரப் படத்தில் பாட்டெல்லாம் சேர்ந்து 25 நிமிஷம் வந்தால், பின்னணி இசை சாதாரணமாக ஒரு மணி நேரத்தைத் தாண்டிவிடும். பாட்டுக்கு மாதக்கணக்கில் நேரம் கிடைக்கும். ஆர்.ஆருக்கு ரிலீஸ் தேதி அறிவித்த பிறகு மிச்சமிருக்கும் நாட்கள்தான். விமர்சனத்தில் மட்டும் கணக்கு தலைகீழ், பாட்டுக்கு ஒரு பத்தி, இதற்கு ஒரு வரி. பத்திரிகைகளை மட்டும் குறை சொல்லிப் பிரயோஜனம் இல்லை, தேசிய விருதே ரொம்ப காலம் அப்படித்தான் இருந்தது. 1994ஆம் ஆண்டுப் படங்களுக்கான விருதில் ‘சுக்ருதம்’ என்கிற மலையாளப் படத்தின் பின்னணி இசைக்கென்று தனியாக ஜான்சனுக்குக் கொடுத்தார்கள். அப்புறம் அதை மறந்தே போனார்கள். 2009ஆம் ஆண்டுப் படங்களுக்கான விருதிலிருந்துதான் பாடலுக்கு ஒன்று, பின்னணி இசைக்கு ஒன்று என்று தொடர்ந்து பிரித்துக் கொடுக்கிறார்கள். அந்த வருஷம் பின்னணி இசை விருதை ‘பழசிராஜா’வுக்காக வாங்கியவர் இளையராஜா. அப்போது அவர் திரைக்கு வந்து 33 வருஷம் ஆகியிருந்தது.

ஒரு காட்சியைப் பற்றிச் சொல்லாமல் இதை விளக்க முடியாது. சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’ 1955ல் வந்தது. இசை பண்டிட் ரவிசங்கர். ஊர் ஊராகக் கச்சேரி செய்துகொண்டிருந்த அவருக்குக் கிடைத்த நேரம் ரொம்பக் குறைவு, படத்தையும் முழுதாகப் பார்க்கவில்லை, ஓர் இரவு முழுக்க உட்கார்ந்து வாசித்துப் பதிவு செய்தார்கள். படத்தில் ஓர் இடம். வெளியூர் போயிருந்த அப்பா ஹரிஹர் ரொம்ப நாள் கழித்து வீடு திரும்புகிறார். வாங்கி வந்த ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டிக்கொண்டே வந்து, பெண்ணுக்கு என்று வாங்கிய சேலையையும் எடுத்து நீட்டுகிறார். துர்கா இறந்துபோனது அவருக்குத் தெரியாது. அம்மா சர்பஜயா அதைக் கையில் வாங்கியதும் உடைந்துபோகிறாள், வாய் திறக்கிறது, உடம்பு குலுங்குகிறது, ஆனால் அவள் அழும் குரல் நமக்குக் கேட்காது. அந்த இடத்தில் தார் ஷெனாய் பட்தீப் ராகத்தில் மேல் ஸ்தாயியில் கதறுகிறது. பெயரைப் பார்த்து ஊதுகிற ஷெனாய் என்று நினைத்துவிட வேண்டாம். அது வில் போட்டு வாசிக்கும் தந்தி வாத்தியம், எஸ்ராஜ் என்கிற வில் வாத்தியத்தில் ஓர் உலோகக் குழலைப் பொருத்தி ஒலியைப் பெருக்கியது. வாசித்தவர் தக்ஷிணாமோகன் தாகூர். நானும் வில் பிடிக்கிறவன் என்பதால் சொல்கிறேன், அந்தச் சில நொடிகளை எத்தனை தடவை கேட்டிருப்பேன் என்று எனக்கே கணக்கில்லை. தாயின் குரலை எடுத்துவிட்டு வாத்தியத்தை வைக்கலாம் என்று முடிவெடுக்க எவ்வளவு துணிச்சல் வேண்டும்! அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு ‘இசை உறுத்தவில்லை’ என்று யாராவது எழுத முடியுமா?

சரி, இப்போது என் மேஜைக்கு வருகிறேன். இசையமைப்பு என்றால் கண்ணை மூடிக்கொண்டு ராகம் வருவதற்குக் காத்திருப்பது என்று பலர் நினைக்கிறார்கள். பாதி நேரம் நான் போடுவது கணக்கு. ஓர் உதாரணம். கடலோரத்தில் ஒரு படகு கிளம்புகிறது. காட்சி ஆரம்பித்து 17.5 வினாடியில் படகுக்காரர் திரும்பிக் கரையைப் பார்க்கிறார். இசை அந்த இடத்தில் மாற வேண்டும் என்று இயக்குநரும் நானும் பேசி முடிவு செய்கிறோம். நிமிஷத்துக்கு 96 தட்டு என்று வேகம் வைத்தால் ஒரு தட்டுக்கு 0.625 வினாடி, 28 தட்டுக்குச் சரியாக 17.5 வினாடி. நாலு நாலாக எண்ணினால் 7 ஆவர்த்தம் முடிந்து எட்டாவதின் முதல் தட்டில் அவர் திரும்புகிறார். அந்தத் தட்டில் செல்லோ, வயலின் குடும்பத்தின் பெரிய வாத்தியம், உள்ளே வரும். காதில் டிக் டிக்கென்று கிளிக் ஓட, 4 பேர் உட்கார்ந்து வாசித்துப் பதிவு செய்து, எல்லாம் முடிந்து நான் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது போன் வருகிறது. ‘சின்னதா ஒரு ட்ரிம் பண்ணியிருக்கோம் சார், 12 பிரேம்தான்.’ தொலைக்காட்சிக்கு வினாடிக்கு 25 பிரேம். 12 பிரேம் என்றால் கிட்டத்தட்ட அரை வினாடி. அவர் இப்போது 17.02 வினாடியில் திரும்புகிறார், என் செல்லோ அரை வினாடி கழித்து, கூப்பிட்ட பிறகு வருகிறவர் மாதிரி வருகிறது. அந்தத் தட்டு அந்தத் திருப்பத்தில் விழ வேண்டுமானால் வேகம் 98.7க்குப் போக வேண்டும். கம்ப்யூட்டரில் இழுத்துச் சரிசெய்யலாமே என்பார்கள். செய்யலாம். வில்லின் மூச்சு போய்விடும். வயலின்காரன் வில்லை மேலே எடுத்து அடுத்த இழுப்புக்குக் கொண்டுவரும் அந்த இடைவெளியில்தான் மனுஷன் வாசிக்கிறான் என்பதே தெரிகிறது, அதை இழுத்தால் ரப்பர் மாதிரி ஆகிவிடும்.

முன்னாலெல்லாம் இப்படி இல்லை. படம் ரீல் ரீலாக வரும். 1,000 அடி ரீல் 11 நிமிஷம் ஓடும். எடிட் முடிந்த ரீல்தான் ஆர்.ஆர். தியேட்டருக்கு வரும், திரையில் ஓடவிட்டு, நோட்ஸ் எழுதிக் கொடுத்து, கண்டக்டர் ஒரு கண்ணைத் திரையிலும் ஒரு கண்ணைக் கலைஞர்கள் மேலும் வைத்துக்கொண்டு எடுப்பார்கள். வசதி குறைவுதான், ஒருவர் தப்பாக வாசித்தால் மறுபடி எல்லோரும் முதலிலிருந்து. ஆனால் வெட்டி முடித்த படத்துக்குத்தான் வாசிக்கிறோம் என்ற நிச்சயம் இருந்தது. இன்று ‘எடிட் லாக் ஆயிடுச்சு’ என்று சொல்லி அனுப்பிய படம் அதற்குப் பிறகு 6 தடவை மாறி வந்திருக்கிறது எனக்கு.

அடுத்த தொல்லை ரெஃபரென்ஸ். படத்தை வெட்டும்போதே ஏதோ ஓர் ஆங்கிலப் படத்தின் இசையைக் கீழே போட்டு வெட்டுகிறார்கள். எடிட்டருக்குத் தாளம் வேண்டும், அதில் தப்பில்லை. ஆனால் 3 மாதம் அதே இசையோடு பார்த்துப் பார்த்து இயக்குநருக்கு அது படத்தோடு ஒட்டிப்போய்விடும். அப்புறம் நாம் என்ன போட்டாலும் முகம் சுளிப்பார். ‘இதே மாதிரி வேணும், ஆனா இது தெரியக் கூடாது’ என்று என்னிடம் எத்தனையோ பேர் கேட்டிருக்கிறார்கள். உலகப் பெரிய ஆட்களுக்கே இது நடந்திருக்கிறது. ஸ்டான்லி குப்ரிக்கின் ‘2001: எ ஸ்பேஸ் ஒடிஸி’ படத்தின் முதல் பாதிக்கு அலெக்ஸ் நார்த் இசை எழுதிப் பதிவும் செய்தார். குப்ரிக் அதை விட்டுவிட்டு, வெட்டும்போது போட்டிருந்த, ஏற்கெனவே இருந்த மேற்கத்திய செவ்வியல் இசையையே வைத்துக்கொண்டார். தன் இசை படத்தில் இல்லை என்பதே 1968ல் படத்தைப் பார்க்க உட்கார்ந்தபோதுதான் நார்த்துக்குத் தெரிந்தது. படத்துக்கு அது பொருத்தமாக அமைந்துவிட்டது என்பது உண்மைதான், நானும் ஒத்துக்கொள்கிறேன். அந்த அரங்கில் உட்கார்ந்திருந்த மனுஷனை நினைத்தால்தான் எனக்கு வயிறு பிசைகிறது.

இவ்வளவும் கதைப் படத்துக்கும் உண்டு, ஆவணப்படத்துக்கும் உண்டு. ஆவணப்படத்துக்கு மட்டும் இன்னொன்று கூடுதலாக இருக்கிறது, நான் இந்தக் கடிதம் எழுதுவதற்கு உண்மையான காரணம் அதுதான்.

சில வருஷங்களுக்கு முன்னால் தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றிய ஒரு படத்துக்கு இசையமைத்தேன். அதில் 50 வயதைத் தாண்டிய ஓர் அம்மா பேசுவார். விடிவதற்கு முன்னாலேயே பாத்தியில் இறங்கி, பலகையால் உப்பை வாரி வரப்பில் குவித்துக்கொண்டே பேசுவார். மழை மாசங்களில் வேலை கிடையாது, அந்த மாசங்களில் வாங்கிய கடனை வெயில் மாசங்களில் அடைக்க வேண்டும், அடைத்து முடிக்கும்போது மறுபடி மழை வந்துவிடும். இதைத்தான் சொன்னார். குரலில் ஏற்ற இறக்கம் எதுவும் இல்லை, பக்கத்து வீட்டில் விலைவாசி பேசுகிற மாதிரி சொன்னார். நான் அதைக் கேட்டுக் கலங்கிப்போய், சோகத்துக்குப் பேர்போன சுபபந்துவராளி ராகத்தில் நானே வயலின் வாசித்து அந்தப் பேச்சுக்கு அடியில் 1 நிமிஷம் 10 வினாடி ஓடவிட்டேன். இயக்குநருக்குக் கண்ணில் தண்ணீர். எனக்கும் பெருமையாக இருந்தது, மறைக்க மாட்டேன்.

படத்தை அந்த ஊரிலேயே பள்ளிக்கூடத்துச் சுவரில் வெள்ளை வேட்டி கட்டிப் போட்டுக் காட்டினோம். அந்த அம்மாவும் வந்திருந்தார். முடிந்ததும் என்னிடம் வந்து, கோபமில்லாமல், தெரிந்துகொள்ளக் கேட்கிறவர் மாதிரி கேட்டார்: ‘தம்பி, நான் அழலியே, எனக்குப் பின்னால யாரு அழுதது?’

எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. ராய் தன் படத்தில் தாயின் அழுகையை எடுத்துவிட்டு வாத்தியத்தை வைத்தார், சர்பஜயா ஒரு கதாபாத்திரம், நடித்தவர் ஒரு நடிகை, அழுகை கதையில் இருக்கிறது. நான் செய்தது வேறு. அழாத ஒரு நிஜ மனுஷியை, அவருக்கே தெரியாமல், ஊர் முன்னால் அழ வைத்திருக்கிறேன். அவர் கணக்குச் சொன்னார், நான் அதை ஒப்பாரி ஆக்கிவிட்டேன். அதோடு, தொழில் ரீதியாகவும் அது மோசமான வேலை. பேச்சைப் புரிந்துகொள்ளக் காதுக்குத் தேவையான ஒலி பெரும்பாலும் 300 ஹெர்ட்ஸிலிருந்து 3,000 ஹெர்ட்ஸ் வரைக்கும்தான் இருக்கிறது. வயலினின் கீழ்க் கம்பியே 196 ஹெர்ட்ஸில் ஆரம்பித்து மேலே போகிறது. அதாவது அந்த அம்மாவின் குரல் நிற்கிற அதே இடத்தில் என் வயலினையும் கொண்டுபோய் நிறுத்தியிருக்கிறேன். மிக்ஸிங்கில் வயலின் சத்தத்தைக் குறைத்தாலும் வார்த்தையின் ஓரம் தேய்ந்துபோகும்.

ஊர் திரும்பியதும் இயக்குநரிடம் கெஞ்சி மறுபடி மிக்ஸ் செய்யவைத்தேன். அந்த அம்மா பேசும் வரைக்கும் இசை கிடையாது. ஒலிப்பதிவாளர் எடுத்து வைத்திருந்த, பலகை உப்பை வாரும் சத்தம் மட்டும். சர்ரென்று ஓர் இழுப்பு, ஒரு தட்டு, கால் உப்புத் தண்ணீரில் எடுத்து வைக்கும் சத்தம், மறுபடி ஓர் இழுப்பு. அதற்கே ஒரு தாளம் இருந்தது, நான்தான் முதல் தடவை அதைக் காதில் வாங்கவில்லை. அவர் பேசி முடித்து, கேமரா அவரை விட்டு விலகி, மழையில் நிரம்பிக் கிடக்கும் ஆளில்லாத பாத்திகளைக் காட்டும்போது, அந்த இழுப்பின் வேகத்திலேயே ஒரு செல்லோ, கீழ் ஸ்தாயியில், 40 வினாடி. அவ்வளவுதான் இசை. இப்போது உங்கள் விமர்சகர் அந்தப் படத்தைப் பார்த்தால் ‘பின்னணி இசை உறுத்தவில்லை’ என்றுதான் எழுதுவார். அந்த உறுத்தாமைக்கு நாங்கள் என்ன பாடுபட்டோம் என்று அந்த 3 வார்த்தையில் எப்படித் தெரியும்?

வேலை செய்கிறவர்களின் சத்தத்திலிருந்தே இசையை எடுப்பது நான் கண்டுபிடித்ததும் இல்லை. 1936ல் பிரிட்டிஷ் தபால் துறையின் படப் பிரிவு ‘நைட் மெயில்’ என்று ஒரு ஆவணப்படம் எடுத்தது. லண்டனிலிருந்து ஸ்காட்லாந்துக்கு ராத்திரியோடு ராத்திரியாகத் தபால் கொண்டுபோகும் ரயிலைப் பற்றியது, அரை மணி நேரம்கூட ஓடாது. அதற்கு இசை எழுதிய பெஞ்சமின் பிரிட்டனுக்கு அப்போது 22 வயது. வாத்தியங்களோடு மணல்தாளை உரசுவது மாதிரியான சத்தங்களையும் சேர்த்து ரயிலின் ஓட்டத்தை உண்டாக்கினார், கடைசியில் ஆங்கிலக் கவிஞர் டபிள்யூ.எச்.ஆடனின் கவிதை வரிகள் அந்த ரயில் வேகத்திலேயே ஓடும். நம் நாட்டில் அரசின் ஆவணப்படப் பிரிவான பிலிம்ஸ் டிவிஷன் 1948ல் தொடங்கியது. பழைய ஆட்களுக்குத் தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் ஓடிய அந்தக் கறுப்பு வெள்ளைப் படங்கள் ஞாபகம் இருக்கும். அங்கே எத்தனையோ படங்களுக்கு இசையமைத்தவர் புல்லாங்குழல் கலைஞர் விஜய் ராகவ் ராவ், ரவிசங்கரின் சீடர். அவர் இசையைக் கேட்காத சினிமா ரசிகர் அந்தக் காலத்தில் இருந்திருக்க முடியாது, பெயர் தெரிந்தவர் எத்தனை பேர்? அவ்வளவு ஏன், முதுமலை யானைக்குட்டியை வளர்த்த பொம்மனும் பெள்ளியும் 2023 ஆஸ்கருக்குப் பிறகு நம் வீட்டு மனுஷர்கள் மாதிரி ஆகிவிட்டார்கள். அவர்களைப் பற்றிய ‘தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்’ ஆவணப்படத்துக்கு இசை ஸ்வென் ஃபால்கனர். தெரிந்த நண்பர்கள் 10 பேரிடம் கேட்டுப் பார்த்தேன், அதில் இசை இருந்ததே ஒருவருக்கும் ஞாபகம் இல்லை.

எழுதாததால் என்ன கெட்டுப்போகிறது என்று கேட்பீர்கள். நிறையக் கெட்டுப்போகிறது. யாரும் கவனிப்பதில்லை என்று தெரிந்ததும் அந்த வேலைக்குப் பணமும் ஒதுக்குவதில்லை, நேரமும் ஒதுக்குவதில்லை. ‘பட்ஜெட் முடிஞ்சுபோச்சு, 2 நாள்ல ஏதாவது போட்டுக் குடுங்க’ என்பது ஆவணப்பட உலகத்தில் அன்றாடம் கேட்கிற பேச்சு. அதுவும் இல்லையென்றால் இணையத்தில் சந்தா கட்டினால் கிடைக்கும் ரெடிமேட் இசை. சோகம் என்று தேடினால் ஆயிரம் வரும். வெள்ளத்தில் வீடு இழந்தவர்களைப் பற்றிய ஒரு படத்தில் ஒரு பியானோ இசையைக் கேட்டேன், மனசைத் தொட்டது. அடுத்த வாரமே அதே பியானோ, அதே சுருதி, ஒரு நகைக் கடன் விளம்பரத்தில் ஓடுகிறது. அந்த வெள்ளத்துக்கும் அந்தக் கடனுக்கும் ஒரே இசை. யாரையும் குற்றம் சொல்லவில்லை, கையில் காசு இல்லாத இயக்குநர் என்ன செய்வார்? ஆனால் விமர்சனத்தில் ஒருவராவது அதைச் சொல்லியிருந்தால் அடுத்த படத்துக்குக் கொஞ்சம் பணம் எடுத்து வைக்கத் தோன்றும்.

வாத்தியங்களுக்கு ஜாதகம் எழுதிவிட்டதும் இப்படித்தான். கிராமம் என்றால் புல்லாங்குழல். சாவு என்றால் பறை. பெண் கஷ்டப்பட்டால் வயலின், அதில் எனக்கும் பங்கு உண்டு. வடக்கே கல்யாண வீட்டு வாசலில் வாசிக்கும் ஷெனாயை நம் பழைய படங்களில் சோகத்துக்கே நேர்ந்துவிட்டோம். பறையில் திருவிழாவுக்கு ஓர் அடி, ஆட்டத்துக்கு ஓர் அடி என்று எத்தனையோ அடிகள் இருக்கின்றன, வாசிக்கிறவர்களிடம் போய் உட்கார்ந்து கேட்டால் நாள் முழுக்கச் சொல்வார்கள். இதையெல்லாம் எடுத்துக் கேட்க வேண்டியது விமர்சகர்தான். படம் பார்க்கிறவர்களுக்கு ஏதோ சரியில்லை என்று தோன்றும், எது என்று சொல்ல வராது.

பெயர் போடுவதைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். இசையமைப்பாளர் பெயராவது டைட்டிலில் வரும். வாசித்தவர்கள் பெயர் பெரும்பாலும் வராது, வந்தாலும் கடைசியில் பொடி எழுத்தில் ஓடும், ஓடிடியில் அதையும் ஓரத்தில் சுருக்கிவிட்டு அடுத்த படத்தைக் காட்ட ஆரம்பித்துவிடுகிறார்கள். என்னோடு ஒரே வரிசையில் உட்கார்ந்து பல வருஷம் வாசித்த ஓர் அண்ணன் இருந்தார். அவர் இறந்தபோது பிள்ளைகளுக்கு அப்பா எந்தெந்தப் படத்தில் வாசித்தார் என்று தெரியவில்லை. என்னிடம் கேட்டார்கள், எனக்கும் பாதிதான் தெரிந்தது. பணக் கணக்கிலும் இதே கதைதான். 2012ல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தியபோது, படம் தியேட்டரில் ஓடுவது தவிர மற்ற விதங்களில் இசை பயன்படும்போது இசையமைப்பாளருக்கு ராயல்டியில் பங்கு உண்டு, அதைத் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிடவும் முடியாது என்று வந்தது. நல்ல சட்டம். ஆனால் பின்னணி இசைக்கு அந்தப் பணம் வந்து சேர வேண்டுமென்றால் க்யூ ஷீட் வேண்டும். எந்த நிமிஷத்தில் எந்த இசை ஆரம்பித்து எவ்வளவு நேரம் ஓடியது, யார் எழுதியது என்ற பட்டியல் அது. நான் வேலை செய்த ஆவணப்படங்களில் அதை யாரும் என்னிடம் கேட்டதே இல்லை. நானாகவே எழுதி இயக்குநருக்கு அனுப்பிவைக்கிறேன், அவர் அதை என்ன செய்கிறார் என்று தெரியாது.

தமிழில் இதற்குப் பாரம்பரியம் இல்லாமலும் இல்லை. வீணை எஸ்.பாலசந்தர் 1954லேயே பாட்டே இல்லாமல் ‘அந்த நாள்’ எடுத்தார். பாலுமகேந்திரா 1988ல் ‘வீடு’ படத்துக்குப் புதிதாக இசை எழுதச் சொல்லாமல், இளையராஜா 1986ல் வெளியிட்ட ‘ஹவ் டு நேம் இட்’ தொகுப்பிலிருந்து எடுத்து வைத்தார். படத்துக்கு என்று எழுதாத இசை அந்தப் பாதி கட்டிய வீட்டின் சுவர்களுக்கு நடுவே எப்படிப் பொருந்தியது என்பதைப் பற்றி மட்டுமே உங்கள் இதழில் ஒரு முழுப் பக்கம் எழுதலாம். 2013ல் ‘ஓநாயும் ஆட்டுக்குட்டியும்’ படத்தில் மிஷ்கின் டைட்டிலில் ‘முன்னணி இசை’ என்று போட்டார். அந்த ஒரு சொல்லைப் பார்த்து எங்கள் கூட்டத்தில் பலருக்கு மனசு நிறைந்துபோனது. 2024ல் வந்த ‘கொட்டுக்காளி’யில் பின்னணி இசையே கிடையாது, ஆட்டோ சத்தமும் சேவலும் காற்றும்தான். இசைக்காரனாகிய எனக்கு அதைப் பார்த்துக் கொஞ்சமும் வருத்தம் வரவில்லை. எங்கே வாசிக்கக் கூடாது என்று முடிவெடுப்பதும் எங்கள் வேலையில்தான் வருகிறது, அந்தப் பள்ளிக்கூடத்துச் சுவர் முன்னால் நின்றபோது நான் கற்றுக்கொண்டதும் அதைத்தான். ‘கொட்டுக்காளி’க்கு வந்த விமர்சனங்களில் இசை இல்லாததைப் பற்றி நிறைய எழுதினார்கள். இசை இல்லாதபோது கவனிக்கிற காது, இருக்கும்போது மட்டும் ஏன் மூடிக்கொள்கிறது என்றுதான் எனக்குப் புரியவில்லை.

உங்களிடம் நான் கேட்பது பெரிய விஷயம் இல்லை. வாரம் ஒரு படத்திலாவது, ஒரே ஒரு காட்சியை எடுத்துக்கொண்டு, அங்கே இசை எப்போது வந்தது, எப்போது நின்றது, என்ன வாத்தியம், பேசுகிறவரின் குரலுக்கு இடம் விட்டதா என்று 5 வரி எழுதச் சொல்லுங்கள். ராகம் தெரிய வேண்டாம், நோட்ஸ் படிக்கத் தெரிய வேண்டாம். ஒரு தடவை இசையோடு பார்த்துவிட்டு, அடுத்த தடவை சத்தத்தை முழுக்க நிறுத்திவிட்டு அதே காட்சியைப் பார்த்தாலே பாதி தெரிந்துவிடும். ஆவணப்படம் என்றால் இசையமைப்பாளர் பெயரையும், இடம் இருந்தால் வாசித்தவர்கள் பெயரையும் போடுங்கள். நன்றாக இல்லையென்றால் நன்றாக இல்லை என்றே எழுதுங்கள். ஒருவர் என் வயலினைக் கேட்டு ‘யாரு அழுதது’ என்று கேட்டதால்தான் நான் திருந்தினேன், உங்கள் விமர்சகர் கேட்டாலும் இன்னும் நாலு பேர் திருந்துவார்கள்.

அடுத்த மாதம் ஒரு படத்துக்குப் பதிவு வைத்திருக்கிறேன். தேனிப் பக்கத்து மலையடிவாரத்தில் மாடு மேய்க்கிறவர்களைப் பற்றிய 52 நிமிஷப் படம். 3 வயலின், 1 செல்லோ, ஒரு நாள் முழுக்க. உங்கள் விமர்சகரை அனுப்பிவையுங்கள். காலை 9 மணிக்கு ஆரம்பிப்போம், கூடுதலாக ஒரு ஹெட்போன் வைத்திருக்கிறேன். முகவரியும் போன் நம்பரும் உங்கள் அலுவலகத்துக்குத் தனியாக எழுதி அனுப்பியிருக்கிறேன், அதைப் பிரசுரிக்க வேண்டாம்.

இப்படிக்கு,
வயலின் வாசிக்கும் வாசகன்,
சாலிகிராமம், சென்னை.